மரத்துக்குள் போன மீன்

"அலாஸ்காவில் மரங்கள் மீன் தின்னும் என்று வாட்ஸ்அப்பில் ஒரு செய்தி சுற்றுகிறது. உண்மையா, புளுகா?" என்று ஒரு வாசகர் கேட்டிருக்கிறார். 'அறிவியலால் விளக்க முடியாத அதிசயம்' என்று அந்தச் செய்தி முடிகிறதாம். தின்னும் என்பதைக் கொஞ்சம் தளர்த்திக்கொண்டால் முதல் பாதி உண்மை. கடைசி வரிதான் புளுகு.

அலாஸ்காவின் தென்மேற்கில், பிரிஸ்டல் விரிகுடாவில் விழும் ஆறுகளுக்குச் சாக்ஐ சால்மன் கோடிக்கணக்கில் திரும்பி வருகிறது. 2022-இல் மட்டும் ஏறக்குறைய எட்டுக் கோடி. இந்த மீனின் கதை பள்ளிப் பாடத்திலேயே உண்டு: நன்னீரில் பிறக்கும், கடலுக்குப் போய் வளரும், பிறந்த ஓடைக்கே திரும்பி முட்டையிட்டுச் செத்துப்போகும். நம் கணக்குக்குத் தேவையானது ஒன்றுதான். அதன் உடல் எடையில் நூற்றுக்குத் தொண்ணூற்றைந்துக்கும் மேல் கடலில் சேர்ந்தது. அந்தச் சரக்கை அது மலையடிவாரம் வரை சுமந்து வந்து இறக்கிவிட்டுப் போகிறது.

ஓடையிலிருந்து காட்டுக்குக் கொண்டுபோவது பழுப்புக் கரடியின் வேலை. மீன் மலிந்த நாட்களில் கரடிக்கு நாக்கு நீளம்; மூளையையும் முட்டையையும் மட்டும் தின்றுவிட்டு மீதியை மரத்தடியில் போட்டுவிடும். பிறகு ஈயும் புழுவும், அப்புறம் பாக்டீரியா, கடைசியில் வேர். மீன் கழிவை வெல்லத்தோடு ஊறவைத்து மீன் அமிலம் தயாரிக்கும் நம் விவசாயிகளுக்கு இதில் வியப்பு இருக்காது.

ஆனால் ஒரு ஸ்புரூஸ் மரத்தின் ஊசியிலையில் இருக்கும் நைட்ரஜன் என்ற உரச்சத்து கடலிலிருந்து வந்தது என்று எப்படிக் கண்டுபிடிப்பது? அணுவில் முகவரி எழுதியிருக்காதே! ஏறக்குறைய எழுதித்தான் இருக்கிறது என்பதுதான் எனக்கு அலுக்காத விஷயம்.

நைட்ரஜனில் இரண்டு வகை உண்டு. பெரும்பாலானவை 14 எடை கொண்டவை. ஏறத்தாழ 273 அணுக்களில் ஒன்று மட்டும் ஒரு நியூட்ரான் கூடுதலாக, 15 எடையோடு இருக்கும். வேதியியலில் இரண்டும் இரட்டைப் பிள்ளைகள். ஆனாலும் கனத்த பிள்ளை ஒரு மயிரிழை மந்தம். உயிரினங்கள் கழிவை வெளியேற்றும்போது லேசான நைட்ரஜன் சற்று அதிகமாக வெளியேறுகிறது. கனமானது உடலில் தங்குகிறது. மிதவை உயிரிகளைத் தின்னும் மீனில் அவற்றைவிடக் கொஞ்சம் அதிகம், மீனைத் தின்பதில் இன்னும் கொஞ்சம். உணவுச் சங்கிலியில் ஏற ஏறக் கனம் கூடும். போதாததற்கு, கடல் நீரிலுள்ள நைட்ரேட்டை வாயுவாக மாற்றும் பாக்டீரியாக்களும் லேசானதையே முதலில் எடுப்பதால், கடலின் தொடக்கக் கணக்கே கனமானது. காற்றில் ஆயிரம் கனத்த அணுக்கள் இருக்கும் அளவு நைட்ரஜனை எடுத்துக்கொண்டால், அதே அளவில் சாக்ஐ சால்மனில் ஏறக்குறைய 1011 இருக்கும். ஆயிரத்துக்குப் பதினொன்று! அணுக்களை எடைவாரியாகப் பிரித்து அளக்கும் நிறை நிறமாலைமானிக்கு அந்த வித்தியாசம் தாராளம். சால்மன் ஓடைக்கரை மரங்களில் இந்தக் கனம் தெரிகிறது.

இங்கே ஒரு சிக்கல். மீனின் நைட்ரஜன் மரத்துக்குள் போயிருக்கிறது என்பது வேறு, அதனால்தான் மரம் செழித்தது என்பது வேறு. ஓடைக்கரையில் ஈரமும் வண்டலும் இருக்கின்றன. மரம் அதனாலும் வளர்ந்திருக்கலாம்.

இதற்கு விடை ஹான்சன் ஓடையில் கிடைத்தது. அதே பிரிஸ்டல் விரிகுடாப் பகுதியின் வுட் ஆற்றுப் பள்ளத்தாக்கில், அலெக்நாகிக் ஏரியில் சேரும் சிற்றோடை அது. இரண்டு கிலோமீட்டர் நீளம், கணுக்கால் ஆழம். மீன் நீந்தும்போது முதுகு வெளியே தெரியும். வாஷிங்டன் பல்கலைக்கழகத்தின் தாமஸ் குவினும் குழுவினரும் ஒவ்வொரு கோடையிலும் இந்த ஓடையில் நடந்து, செத்த மீன்களை எண்ணினார்கள். நேற்று எண்ணியதை இன்றும் எண்ணிவிடக் கூடாது என்பதற்காக, எண்ணியதைக் கரையில் வீசினார்கள். எப்படியும் வீசத்தான் போகிறோம், ஒரே கரையில் வீசுவோமே என்று 1997-இல் முடிவாயிற்று. இடது கரை. இருபது கோடை, இரண்டு லட்சத்துக்கும் மேற்பட்ட மீன்கள், ஏறக்குறைய 270 டன்.

நாற்றத்தை நினைத்தாலே மலைப்பாக இருக்கிறது. அதைவிட மலைப்பு, முடிவு எதையும் காட்டாமலே இருபது ஆண்டு வீச ஒரு நிறுவனம் விட்டுவைத்தது. மூன்றாண்டுத் திட்டம், ஆறு மாதத்துக்கொரு முன்னேற்ற அறிக்கை என்று கேட்கும் நிதிக்குழுவிடம், "மீனை இடப்பக்கமாக வீசினோம், அடுத்த ஆண்டும் வீசுவோம்" என்று எழுதிக் கொடுத்தால் என்ன ஆகும்? மரம் அறிக்கைக் காலத்துக்குள் வளராது. இப்படிப்பட்ட வேலைக்குத்தான் பொதுப்பணம் வேண்டும் என்பேன்.

கடைசியில் இரு கரை ஸ்புரூஸ் மரங்களிலும் பென்சில் பருமனில் துளையிட்டு, ஆண்டு வளையங்களை அளந்தார்கள். முடிவு 2018-இல் வெளியானது. மீன் விழுந்த கரையின் ஊசியிலைகளில் கனத்த நைட்ரஜன் அதிகம். அதே கரை மரங்கள், 1997-க்கு முந்தைய தங்கள் சொந்த வளர்ச்சியோடும் எதிர்க்கரையோடும் ஒப்பிட்டபோது, வேகம் எடுத்திருந்தன.