எஃபி: ஒரு ஸ்காட்லாந்துச் செல்லப் பெயரின் பொருளும் வழியும்

பெயர் அகராதிகளில் ‘எஃபி’ என்ற பெண்பெயருக்கு நேரே பெரும்பாலும் ஒரே வரிதான் இருக்கும்: யூஃபீமியா என்பதன் சுருக்கம், கிரேக்க மூலம், ‘நல்ல சொல்’ என்று பொருள். அந்த வரியில் பிழை ஏதும் இல்லை. ஆனால் ஸ்காட்லாந்தின் வடமேற்கு மலைநாட்டிலும் அதை ஒட்டிய தீவுகளிலும் எஃபி என்று அழைக்கப்பட்ட பாட்டிமார் பலருக்கு அது பொருந்தாது. அவர்களுடைய தாய்மொழியான கேலிக்கில் அவர்களுக்கு வேறொரு பெயர் இருந்தது, அந்தப் பெயருக்கும் கிரேக்கத்துக்கும் எந்த உறவும் கிடையாது. ஒரே செல்லப் பெயருக்குள் இரண்டு பெயர்கள் ஒடுங்கியிருக்கின்றன என்பதைப் பிரித்துக் காட்டாமல் எஃபிக்குத் தமிழில் பொருள் சொல்வது அரைகுறையாகவே முடியும்.

முதலில் வடிவத்தைப் பார்ப்போம். ஸ்காட்லாந்தின் தாழ்நிலத்தில் வழங்கும் ஸ்காட்ஸ் மொழியில், எந்தச் சொல்லையும் சிறிதாக்கிக் கொஞ்சுவதற்கு ‘ஈ’ என்னும் ஒலியைக் கடைசியில் ஒட்டுவது வழக்கம். ‘லாஸ்’ என்றால் பெண், ‘லாஸி’ என்றால் சிறுபெண். ஜீன் ஜீனியாவாள், ஆக்னஸ் நெஸ்ஸியாவாள். எஃபியின் கடைசி இகரமும் அதுவே. எஞ்சி நிற்கும் ‘எஃப்’ எங்கிருந்து வந்தது என்பதில்தான் சிக்கல் இருக்கிறது. யூஃபீமியா என்பதை இன்று ஒலிக்கிறவர்கள் இரண்டாம் அசையான ‘ஃபீ’யில்தான் அழுத்தம் தருவார்கள், அந்த அழுத்தத்திலிருந்து இயல்பாகப் பிறக்கும் செல்லப் பெயர் ‘ஃபீமி’, அப்படி ஒரு பெயர் ஸ்காட்லாந்தில் உண்டு. ‘யூ’ என்று தொடங்கும் பெயரிலிருந்து ‘எ’ என்று தொடங்கும் சுருக்கம் நேராக வருவதில்லை. இடையில் ஒரு படி இருந்தது: பழைய ஸ்காட்ஸ் ஆவணங்களில் இந்தப் பெயர் யூஃபம், எஃபம் என்றெல்லாம் முதலசை அழுந்திய வடிவில் எழுதப்பட்டிருக்கிறது. தஞ்சாவூர் தஞ்சையானதுபோல, எஃபம் எஃபியாயிற்று. நம் இலக்கணத்தார் இதை மரூஉ என்பார்கள்.

இனி மூலச் சொல். கிரேக்கத்தில் ‘யூ’ என்றால் நன்மை, ‘ஃபேமே’ என்றால் சொல், பேச்சு, ஊரார் வாய்ச்சொல். இரண்டும் கூடிய யூஃபேமியா என்பது வெறும் இனிமையான பேச்சைக் குறிக்கவில்லை. மங்கலமான சொல்லை மட்டும் சொல்லுதல், அமங்கலமானதை வாயில் எடுக்காதிருத்தல் என்பதே அதன் ஆழ்ந்த பொருள். பலியிடும் சடங்கு தொடங்குமுன் ‘யூஃபேமெய்தே’ என்று கூட்டத்தைப் பார்த்துக் குரல் கொடுப்பார்கள். நேர்ப்பொருள் ‘நல்லதையே பேசுங்கள்’. நடைமுறைப் பொருள் ‘வாயை மூடுங்கள்’. பேசாமல் இருப்பதே கெட்ட சொல்லைத் தவிர்க்கப் பாதுகாப்பான வழி என்று அவர்கள் கருதினார்கள். மகளுக்கு இந்தப் பெயரை இட்ட ஸ்காட்லாந்துத் தாய்மார்களுக்கு இது தெரிந்திருந்தால் இன்னும் மகிழ்ச்சியோடு இட்டிருப்பார்கள் என்றே நினைக்கிறேன்.

இந்தக் கருத்துக்குத் தமிழில் சொல் தேடி அலைய வேண்டியதில்லை. நன்னூல் தகுதி வழக்கை இடக்கரடக்கல், மங்கலம், குழூஉக்குறி என மூன்றாகப் பகுக்கிறது. இறந்தார் என்னாமல் துஞ்சினார் என்பதும், சுடுகாட்டை நன்காடு என்பதும், விளக்கை அணை என்னாமல் குளிர வை என்பதும் மங்கலம். அலைகொண்டு கப்பலை விழுங்கும் கருங்கடலைக் கிரேக்கர் ‘விருந்தோம்பும் கடல்’ என்று அழைத்ததும் இதே அச்சத்தால்தான். யூஃபீமியா என்ற பெண்பெயரும், மங்கல வழக்கைக் குறிக்க ஆங்கிலத்தில் வழங்கும் யூஃபமிசம் என்ற சொல்லும் ஒரே வேரில் முளைத்தவை.

‘ஃபேமே’ என்பதற்கு நிமித்தச் சொல் என்ற பொருளும் உண்டு. ஹோமரின் ஒடிசி காவியத்தின் 20ஆம் பகுதியில், தன் வீட்டைச் சூழ்ந்திருக்கும் பகைவரை எதிர்க்குமுன் ஒடிசியஸ் விடியற்பொழுதில் வேண்டுகிறான்: வீட்டுக்குள் விழித்திருக்கும் யாரேனும் எனக்கு ஒரு ஃபேமேயைச் சொல்லட்டும். மாவு அரைக்கும் பன்னிரண்டு பணிப்பெண்களில் மற்றவர்கள் வேலை முடித்து உறங்கிவிட, வலுக்குறைந்த ஒருத்தி மட்டும் இன்னும் அரைத்துக்கொண்டிருக்கிறாள். இவர்கள் இந்த வீட்டில் உண்ணும் கடைசி விருந்து இதுவாகட்டும் என்று அவள் தன் அலுப்பில் சொன்னது அவன் காதில் விழுகிறது. அவள் அவனுக்காகச் சொல்லவில்லை. அதனால்தான் அது நிமித்தம். முல்லைப்பாட்டைப் படித்தவர்களுக்கு இந்தக் காட்சி புதிதன்று. ஊரெல்லையில் நெல்லும் முல்லை மலரும் தூவி முதுபெண்டிர் விரிச்சி நிற்கிறார்கள், அதாவது பிறர் வாயிலிருந்து தற்செயலாக வரும் நற்சொல்லை நிமித்தமாகக் கொள்ளக் காத்திருக்கிறார்கள். குளிரில் நடுங்கும் தோளைக் கைகளால் கட்டிக்கொண்டு நிற்கும் ஆயர்மகள் ஒருத்தி, கட்டிப்போட்ட கன்றுகளைப் பார்த்து ‘இன்னே வருகுவர் தாயர்’ என்கிறாள். அதைக் கேட்டு வந்தவர்கள் சொல்வது, ‘நன்னர் நன்மொழி கேட்டனம்’ என்பது. யூஃபீமியாவின் தமிழ்ச் சொல் அந்த அடியிலேயே கிடைக்கிறது. அதற்குப் பிறகு வருவேன்.

கிரேக்கச் சொல் ஸ்காட்லாந்து வரை சென்றது ஒரு புனிதையின் பெயராகத்தான். இன்றைய இஸ்தான்புல்லின் ஆசியக் கரையில் இருந்த கால்சிடன் நகரில் 4ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் கொல்லப்பட்ட யூஃபீமியா என்ற கன்னிக்கு அங்கே பெரிய ஆலயம் எழுந்தது. கிறித்தவ வரலாற்றில் பேசப்படும் 451ஆம் ஆண்டின் கால்சிடன் பொதுச்சங்கம் கூடியது அந்த ஆலயத்தில். ஸ்காட்லாந்தில் 14ஆம் நூற்றாண்டிலேயே இப்பெயர் உயர்குடியில் வழங்கியது. பின்னாளில் இரண்டாம் ராபர்ட் என்று முடிசூடியவர் 1355இல் இரண்டாம் மனைவியாக மணந்த யூஃபீமியா, ராஸ் பிரபுவின் மகள். அரசியாக இருந்து 1386இல் இறந்தார். பெயரின் பொருள் யாரையும் காக்கவில்லை என்பதற்கு 1591 ஜூன் சாட்சி: சூனியக்காரி என்ற குற்றச்சாட்டில் எடின்பரோவின் கோட்டைக் குன்றில் எரிக்கப்பட்ட செல்வக் குடும்பத்துப் பெண்ணின் பெயர் யூஃபம் மக்கால்சீன்.

இது தாழ்நிலத்தின் கதை. மலைநாட்டில் எஃபி வேறு வீட்டிலிருந்து வருகிறாள். கேலிக் மொழியில் ‘ஒய்ரிக்’ என்று ஒரு பெண்பெயர் இருக்கிறது. எழுதும்போது ஏழு எழுத்துகள், நடுவில் நிற்கும் இரண்டுக்கு ஒலியே இல்லை. இதன் பழைய வடிவங்களில் ‘ஃப’ ஒலி இருந்தது. இடைக்கால இலத்தீன் ஏடுகளில் அது அஃப்ரிக்கா என்றே எழுதப்பட்டிருப்பதைப் பார்த்துக் கண்டத்தின் பெயர் என்று மயங்க வேண்டாம், இரண்டுக்கும் தொடர்பில்லை. 12ஆம் நூற்றாண்டில் ஸ்காட்லாந்தின் தென்மேற்கிலிருந்த காலவே நாட்டுத் தலைவன் ஃபெர்கஸின் மகள் அஃப்ரிக்கா, மான் தீவின் அரசன் ஓலாஃபை மணந்தாள். அந்த அரச மரபில் வந்த இன்னொரு அஃப்ரிக்கா 1193இல் அயர்லாந்தின் வடகிழக்கில் கிரே ஆபி என்ற துறவு மடத்தை நிறுவினாள்.

பொருள் என்ன? ‘ப்ரெக்’ என்ற கேலிக் சொல்லோடு இணைத்து, ‘புதிதாகப் புள்ளி பொறித்தவள்’ என்று பொதுவாகப் பொருள் கூறுகிறார்கள். புள்ளி உடைய எதற்கும் ப்ரெக் என்பது பெயர். மலையாறுகளில் நீந்தும் டிரவுட் மீனையும் அப்படியே அழைப்பார்கள். வெளிறிய முகத்தில் சிவந்த புள்ளிகள் தெறித்திருக்கும் பெண்களை அந்த நாட்டில் எங்கும் காணலாம் என்பதால் விளக்கம் பொருத்தமாகவே தோன்றுகிறது.

இந்தப் பெயர் தாங்கிய ஒருத்தியின் குரல் நமக்குக் கிடைத்திருக்கிறது. 15ஆம் நூற்றாண்டில் ஸ்வீன் கோட்டையின் காவல் தலைவனாக இருந்த இளைய நியால் இறந்தபோது அவன் மனைவி பாடிய இரங்கற்பா, 16ஆம் நூற்றாண்டின் முற்பாதியில் பெர்த்ஷயரில் தொகுக்கப்பட்ட லிஸ்மோர் குருவின் சுவடியில் உள்ளது. அவள் கணவனை விளிக்கவில்லை, அவன் உருட்டிய செபமாலையை விளிக்கிறாள்: என் கண்ணீரை எழுப்பிய மாலையே, உன்மேல் இருந்த விரல் அன்புக்குரியது, இன்றிரவு வரை உன்னை உடைமையாகக் கொண்டிருந்த விருந்தோம்பும் நெஞ்சம் அன்புக்குரியது என்று தொடங்குகிறது பாட்டு. புறநானூற்றில் இருந்தால் கையறுநிலை என்று துறை எழுதியிருப்பார்கள். இன்றைய நூல்கள் பழைய கேலிக் எழுத்துமுறையைத் திருத்தி அவள் பெயரை அச்சிடுகின்றன. ஆனால் கேட்டபடி எழுதும் வழக்கமுடைய அந்தச் சுவடியில் அது ‘எஃப்ரிக்’ என்று நிற்கிறது. எஃபிக்கு அது எவ்வளவு அருகில் இருக்கிறது என்று சொல்லத் தேவையில்லை.

எஃப்ரிக் எப்படி யூஃபீமியா ஆனாள்? பேனா ஆங்கிலம் எழுதியதால்தான். மலைநாட்டுத் திருச்சபைப் பதிவேடுகளிலும், 1855 ஜனவரி 1 முதல் ஸ்காட்லாந்து முழுவதற்கும் வந்த அரசுப் பிறப்புப் பதிவிலும் கேலிக் பெயர்கள் பெரும்பாலும் கேலிக்கில் ஏறவில்லை. ஒலியில் ஏதோ ஓர் ஒற்றுமை உள்ள, மதிப்பான ஆங்கிலப் பெயரைத் தேடி எழுதினார்கள். சில வேளைகளில் ஒற்றுமையே இல்லாத பெயரையும் எழுதினார்கள். டோர்மொட் நார்மன் ஆனான், மோராக் சாரா ஆனாள், பேஹக் ரெபெக்கா ஆனாள். ஒய்ரிக்குக்கு யூஃபீமியா ஒதுக்கப்பட்டது. பதிவேட்டில் யூஃபீமியா, பள்ளியில் எஃபி, அடுப்படியில் ஒய்ரிக். செயின்ட் கில்டா தீவில் 1865இல் நாட்டார் வழக்காறு தொகுத்த அலெக்ஸாண்டர் கார்மைக்கேலுக்குப் பழங்கதைகளும் பாடல்களும் சொன்ன முதியவளின் பெயர் நூல்களில் யூஃபீமியா மக்ரிமன் என்றிருக்கிறது. அவள் சொன்னதெல்லாம் கேலிக்கில். இப்படிப் பெயர்மாற்றிய குருமார்களையும் எழுத்தர்களையும் நான் கொடியவர்களாக எண்ணவில்லை, ஆனால் அகராதியாளர்கள் அந்தப் பதிவேட்டையே மூலமாக எடுத்துக்கொண்டு ‘கிரேக்கப் பெயர்’ என்று முடிப்பதை ஏற்க முடியவில்லை.

இப்பெயர் தலைமுறை தாண்டி நின்றதற்குக் காரணம் ஸ்காட்லாந்தின் பெயரிடும் முறை. முதல் மகளுக்குத் தாயின் தாய் பெயர், இரண்டாம் மகளுக்குத் தந்தையின் தாய் பெயர், மூன்றாமவளுக்குத் தாயின் பெயர் என்பது அவர்களது பழைய ஒழுங்கு. பெயர்த்தி என்ற சொல்லை வைத்திருக்கும் நமக்கு இதை விளக்க வேண்டியதில்லை. ஒரே பெயரில் பாட்டியும் பேத்தியும் ஒன்றுவிட்ட அக்காள் தங்கைகளும் ஓர் ஊரில் இருந்தால், கூப்பிட்டால் யார் திரும்புவது என்ற கேள்வி எழும். செல்லப் பெயர்கள் கொஞ்சுவதற்கு மட்டுமல்லாமல் அடையாளம் பிரிப்பதற்கும் அங்கே தேவைப்பட்டன.

எஃபிகளில் மிகப் பலர் அறிந்தவர் 1828இல் பெர்த் நகரில் பிறந்த யூஃபீமியா கிரே. சிறுமியாக இருந்தபோது வீட்டில் ஃபீமி. பதின் வயதில் எஃபி. மேலே சொன்ன இரண்டு சுருக்கங்களும் ஒரே பெண்ணின் வாழ்க்கையில் அடுத்தடுத்து வந்தன. 1848இல் கலை விமர்சகர் ஜான் ரஸ்கினை மணந்து, 1854இல் அந்த மணம் செல்லாது என்ற தீர்ப்பைப் பெற்று, 1855இல் ஓவியர் ஜான் எவரெட் மில்லேயை மணந்து எட்டுக் குழந்தைகளைப் பெற்றார். மில்லே 1853இல் காட்சிக்கு வைத்த ‘விடுதலை ஆணை’ ஓவியத்துக்கு முகம் தந்தவர் அவர்தான். தூங்கும் குழந்தையைத் தோளில் சாய்த்துக்கொண்டு, வெறுங்காலோடு, சிறைக்காவலனிடம் ஆணைத்தாளை நீட்டுகிறாள் ஒரு மலைநாட்டுக்காரி. கட்டுப்போட்ட கையோடு கணவன் அவள் தோளில் முகம் புதைத்திருக்கிறான். படத்தைப் பார்க்கும்போதெல்லாம் எனக்குத் தோன்றுவது ஒன்று: அப்படி ஒருத்தி உண்மையில் இருந்து, அவள் பெயரும் எஃபியாக இருந்திருந்தால், அவளுக்கு யூஃபீமியா யாரென்றே தெரிந்திருக்காது.

தமிழ் நிகரனுக்கு வருவோம். விவிலியத்தின் பழைய தமிழ் மொழிபெயர்ப்பில், கொரிந்தியருக்கு எழுதிய இரண்டாம் திருமுகத்தில், ‘துர்க்கீர்த்தியிலும் நற்கீர்த்தியிலும்’ என்ற தொடர் வருகிறது. அங்கே நற்கீர்த்தி என்று பெயர்க்கப்பட்டிருக்கும் கிரேக்கச் சொல் யூஃபேமியாவேதான். அந்த இடத்துக்கு அது சரி, ஏனெனில் அங்கே பேசப்படுவது ஊரார் சொல்லும் நற்பெயர். பெண்ணின் பெயருக்கு அது பொருந்தாது. கீர்த்தி வடசொல் என்பதோடு, சொல்பவளை விட்டுச் சொல்லப்படுபவளிடம் பொருள் நகர்ந்துவிடுகிறது. இன்மொழி, தேன்மொழி, கனிமொழி என்ற பெயர்கள் அழகானவை, ஆனால் அவை குரலின் சுவையைச் சொல்கின்றன. கிரேக்கச் சொல்லில் இருப்பது சுவையன்று, நன்மை. ஆகவே முல்லைப்பாட்டின் ‘நன்மொழி’யே நேர் நிகர். விரிச்சியின் மணமும் அதில் இருக்கிறது.

ஒய்ரிக்குக்கு நிகர் கூறுவது கடினம். புள்ளி என்பது பெயராகாது. பொறியாள் என்று ஆக்கினால் படிப்பவர்கள் பொறியியல் கல்லூரியை நினைத்துக்கொள்வார்கள். சங்கப் பாடல்களில் பெண்ணின் மேனியில் பூந்தாது தூவியதுபோல் படரும் அழகுப் புள்ளிகளுக்குச் சுணங்கு என்று பெயர். பொருளை விளக்க அந்தச் சொல் உதவும், பெயராக வைத்து அழைக்க உதவாது. மொழிபெயர்ப்பாளர்கள் ஒய்ரிக்கை ஒய்ரிக் என்றே விடுவது நல்லது.

எஃபிக்கு, அதாவது செல்லப் பெயருக்குச் செல்லப் பெயராகவே நிகர் வேண்டுமென்றால், தமிழும் முதலசையை வைத்துக்கொண்டு இகரமோ உகரமோ ஒட்டித்தான் கொஞ்சுகிறது; தேன்மொழி தேனுவாவது அப்படித்தான். அந்த வழியில் நன்மொழியைச் சுருக்கினால் ‘நன்னி’ வரும். நன்னி என்பதற்கு மிகச் சிறியது என்று பொருள் ஏற்கெனவே உண்டு. குழந்தை குட்டிகளைச் சேர்த்து நன்னியும் குன்னியும் என்பார்கள்.