வீட்டுக்குப் பதில் மனை

திருவல்லிக்கேணியில் ஆய்வேடுகளைத் தட்டச்சு செய்து, பைண்டிங் போட்டுத் தரும் கடைகள் நிறைய. அங்கே வரும் ஏடுகளுக்குப் பிழை திருத்துவது என் வேலை. போன மழைக்காலத்தில், அடையாற்று வெள்ளம் பற்றிய ஓர் அத்தியாயத்தில் இப்படி ஒரு வரி: "ஆரம் நதி மணிக்கு நீர் வடியத் தொடங்கியது."

இரண்டு முறை படித்த பிறகுதான் பிடிபட்டது. மாணவர் எழுதியது "மாலை ஆறு மணிக்கு". சொல் மாற்றும் மென்பொருள் ஒன்று மாலையை ஆரமாக்கி, ஆறை நதியாக்கிவிட்டது. அகராதியைப் பார்த்தால் இரண்டும் சரிதான்.

ஏன் மாற்றினார்? "ஒற்றுமை 10 சதவீதத்துக்கு மேல போகக் கூடாதாமே சார்" என்றார். ஆய்வேடு பிறர் எழுத்தோடு எவ்வளவு ஒத்துப்போகலாம் என்பதற்கு, பல்கலைக்கழக மானியக் குழுவின் (யுஜிசி) 2018 விதியில் அந்த எல்லை இருக்கிறது. அந்தப் பயம் எனக்குப் புரிகிறது.

எளிய மென்பொருளிடம் இருப்பது ஒரு பட்டியல். சொல்லைத் தேடும், பக்கத்தில் இருப்பதை எடுத்து வைக்கும். நம்மிடம் ஆயிரம் ஆண்டுகளுக்கு முன்பே அப்படிப் பட்டியல் உண்டு. திவாகர நிகண்டின் முதல் பத்துத் தொகுதிகள் தெய்வம், மக்கள், விலங்கு, மரம், இடம் என்று வகை பிரித்து, ஒரு பொருளுக்கு உள்ள பல பெயர்களைச் சொல்கின்றன. பதினோராவது தொகுதி தலைகீழ்: ஒரே சொல்லுக்கு உள்ள பல பொருள்கள். தொல்காப்பியமும் திரிசொல்லை, அதாவது கற்றவர்க்கே விளங்கும் சொல்லை, இந்த இரண்டாகத்தான் பிரிக்கிறது. அந்த மென்பொருளுக்குப் பதினோராவது தொகுதி தெரியாது.

தமிழில் சொல்லை உருவி எடுப்பதே ஒரு வேலை. ‘ஆற்றில்’ என்பதிலிருந்து உருபைப் பிரிக்க வேண்டும், ‘ஆற்று’ என்பதை ‘ஆறு’ என்று திருப்ப வேண்டும், நதியை வைத்து, நடுவே யகர உடம்படுமெய் சேர்த்தால்தான் ‘நதியில்’ வரும். ஆனால் இதிலேயே ஒரு துப்பும் இருக்கிறது. எண்ணாக இருந்தால் ‘ஆறில் ஒரு பங்கு’ என்போம். நீரோடும் ஆறாக இருந்தால்தான் ‘ஆற்றில்’. உருபு ஏறியதுமே எந்த ஆறு என்று தெரிந்துவிடுகிறது. இந்த அழகு எனக்கு அலுப்பதே இல்லை.

உருபு இல்லாத இடத்தில் அக்கம்பக்கத்துச் சொற்கள்தான் கதி. ஒரு சொல்லை அது சேரும் கூட்டத்தை வைத்து அறியலாம் என்று பிரிட்டன் மொழியியலாளர் ஜே.ஆர். ஃபெர்த் 1957-இல் எழுதினார். 2013-இல் கூகுளில் தோமஸ் மிகோலோவ் குழு வெளியிட்ட வேர்டுடூவெக் முறை, இதைக் கணக்காக மாற்றியது. ஒவ்வொரு சொல்லும் சில நூறு எண்கள் கொண்ட ஒரு வரிசை ஆகிவிடும். ஒரே மாதிரிச் சூழலில் வரும் சொற்களின் எண்வரிசைகளும் நெருங்கி நிற்கும்.

சிக்கலும் இங்கேதான். "தக்காளி விலை ஏறியது", "தக்காளி விலை இறங்கியது": இரண்டு வினைக்கும் அண்டை அயல் ஒன்றே. அதனால் எதிர்ச்சொற்களும் கணக்கில் நெருங்கிவிடும். 2018-இல் வந்த பெர்ட் போன்ற கணினி மொழி மாதிரிகள், ஒரு சொல்லை மறைத்து இரு பக்கமும் பார்த்து ஊகிக்கும். அவை ஆரத்தை ஒதுக்கிவிடும். ஆனாலும் "ஆறு மணிக்கு" என்பதற்கு முன்னால் காலையும் பொருந்தும், மாலையும் பொருந்தும். வெள்ளம் எப்போது வடிந்தது என்பது பார்த்தவருக்குத்தான் தெரியும்.

பழைய இலக்கியத்தில் மனை என்றால் வீடு. இன்று தாம்பரம் பக்கம் "மனை விற்பனைக்கு" என்ற பலகையைப் பார்த்துப் போகிறவர் காலி நிலத்தைத்தான் எதிர்பார்ப்பார். வீட்டுக்குப் பதில் மனை போட்டால் சுவரும் கூரையும் போய்விடும்.

அந்த அத்தியாயத்தில் என்னை அதிகம் உறுத்தியது வேறு. கனமழை, மிக கனமழை, அதி கனமழை எல்லாமே ‘பெருமழை’ ஆகியிருந்தன. வானிலைத் துறைக்கு இவை அளவுகள்: 24 மணி நேரத்தில் 64.5 முதல் 115.5 மி.மீ. வரை கனமழை, 204.4 வரை மிக கனமழை, அதற்கு மேல் அதி கனமழை. மறுநாள் மழைப்பதிவுத் தாளை எடுத்து வரச் சொன்னேன். மாணவர் தேதி வாசிக்க, நான் அளவு பார்த்து, ஒவ்வொரு பெருமழையையும் அடித்துப் பழைய பெயரை எழுதினேன்.