அனிமேஷன்: அசைவூட்டமா, உயிரூட்டமா?

அனிமேஷனுக்கு ‘அசைவூட்டம்’ என்று எழுதுவது வழக்கமாகிவிட்டது. அனிமேட்டர் ‘அசைவூட்டுநர்’ ஆகிவிட்டார். இந்தச் சொல் அந்தக் கலையைப் பாதி வழியில் நிறுத்திவிடுகிறது என்பதே என் கட்சி.

மூலம் லத்தீன் ‘அனிமா’: மூச்சு, உயிர். அதன் வினைக்கு உயிர் கொடுத்தல் என்று பொருள். தமிழிலும் உயிர்த்தல் என்றால் மூச்சு விடுதல். ‘நெட்டுயிர்த்தாள்’ என்றால் பெருமூச்செறிந்தாள். இரு மொழிகளும் மூச்சிலிருந்தே உயிருக்குப் போயிருக்க, ‘உயிரூட்டம்’ என்ற சொல்லை விட்டு நாம் ஏன் விலகினோம்?

திரையில் நடப்பது அசைவுதான், உயிர் என்பது மிகை என்பார்கள். விநாடிக்கு 24 படங்கள் ஓடினால் அசைவு தெரியும். அது எல்லாத் திரைப்படத்துக்கும் பொது. கொடிக்குக் காற்றும்தான் அசைவூட்டுகிறது. காற்றை யாரும் கலைஞர் என்பதில்லை.

அமெரிக்கக் கலைஞர் ஃபில் டிப்பெட்டின் வாழ்க்கையைப் பார்த்தால் இது விளங்கும். 1977-இல் வந்த ‘ஸ்டார் வார்ஸ்’ படத்தின் சதுரங்கப் பொம்மைகளைக் கையால் இம்மியிம்மியாக நகர்த்திப் படமெடுத்தவர்களில் அவரும் ஒருவர். அந்த முறையில் பொம்மை அசையாமல் நிற்கும்போதே படம் பதிவாகும். அதனால் ஓட்டிப் பார்த்தால் வெட்டி வெட்டி நகரும். 1981-இல் ‘டிராகன்ஸ்லேயர்’ படத்தில், படம் பதிவாகும் கணத்திலேயே டிப்பெட்டும் சகாக்களும் மோட்டார்களால் பொம்மையை நகர்த்தினார்கள். நிஜ ஓட்டத்தில் தெரியும் மங்கல் அதில் வந்தது. 1993-இன் ‘ஜுராசிக் பார்க்’ படத்துக்கும் இதே முறைதான் திட்டம். கணினியில் ஓடிய டைனோசரின் சோதனைப் படம் வந்ததும் திட்டம் மாறியது. தன் தொழிலே அழிந்துவிட்டது என்று டிப்பெட் சொன்னார். ஆனாலும் அவரை அனுப்பவில்லை. டைனோசர்களுக்கு மேற்பார்வையாளராக வைத்துக்கொண்டார்கள். மூட்டுகளில் உணரிகள் (சென்சார்கள்) பொருத்திய உலோக எலும்புக்கூட்டைப் பொம்மைக் கலைஞர்கள் கையால் வளைக்க, அந்த நிலைகளைக் கணினி வாங்கிக்கொண்டது. கணினிக்காரர்கள் உடம்பால் நடிக்கக் கற்க ஊமைக்கூத்துப் பயிற்சிக்குப் போனார்கள்.

அசைவைக் கணினி தந்துவிடும். அந்த விலங்கு எங்கே தயங்கும், எதை மோந்து பார்க்கும், பாயுமுன் எடையை எந்தக் காலில் வைக்கும் என்பது டிப்பெட்டிடம் இருந்தது. அந்தப் படத்தின் விஷுவல் எஃபெக்ட்ஸுக்கு ஆஸ்கர் பெற்ற நால்வரில் அவரும் ஒருவர். பொம்மை போய்க் கணினி வந்தும் அவர் வேலை மாறவில்லை. அந்த வேலைக்கு அசைவூட்டம் என்று பெயர் வைப்பது எப்படிப் பொருந்தும்?

நடிகரையும் ‘பாத்திரத்துக்கு உயிரூட்டினார்’ என்கிறோமே, குழப்பம் வராதா? வரட்டும். அனிமேட்டரும் நடிகர்தான், தன் உடம்புக்குப் பதில் இன்னொரு உடம்பில் நடிக்கிறார்.

இதைவிட மோசமானது விஷுவல் எஃபெக்ட்ஸுக்கு வைத்த ‘காட்சி விளைவுகள்’. விளைவு என்பது ஒன்றின் பின்னால் தானாக வருவது. மருந்துக்குப் பக்க விளைவு உண்டு, போருக்கு விளைவு உண்டு. மாதக்கணக்கில் திட்டமிட்டுச் செய்த மாயத்தை விளைவு என்றால் செய்தவர் எங்கே? அகராதியில் முதலில் கண்ட பொருளை எடுத்து ஒட்டும் மொழிபெயர்ப்பு இது. பழைய சினிமாக்காரர்கள் ‘தந்திரக் காட்சி’ என்றார்கள். கேட்டதும் புரியும், செய்தவரின் சாமர்த்தியமும் அதில் இருக்கிறது. எல்லாவற்றையும் ‘கிராபிக்ஸ்’ என்று ஒரே மூட்டையாகக் கட்டும் பத்திரிகைகளுக்கும் சேர்த்தே சொல்கிறேன்: டிப்பெட் உயிரூட்டுநர், தந்திரக் காட்சிக் கலைஞர். இரண்டையும் தனித்தனியே எழுதுங்கள்.