33 லட்சம் கட்டியும் கடன் 4 லட்சம்தான் குறைந்ததா? வீட்டுக்கடனுக்குள் ஓடும் கணக்கு

களுவாஞ்சிக்குடிப் பக்கம் இருந்து ஒரு ஆசிரியை எழுதியிருந்தார். "சேர், மகளுக்கு வீடு கட்ட 50 லட்சம் எடுத்தேன். 12 வீத வட்டி, 20 வருடம். 5 வருடமாக ஒரு தவணையும் பிந்தாமல் கட்டியிருக்கிறேன். போன கிழமை மீதி கேட்டால் இன்னும் 45 லட்சத்து 87 ஆயிரம் இருக்கு என்கிறார்கள். பிழையாக ஏதும் பதிந்துவிட்டார்களா?"

பிழை ஒன்றும் இல்லை. மாதம் 55,054 ரூபா, 60 மாதம், ஆக 33 லட்சம் சொச்சம் கட்டியிருக்கிறார். அதில் முதலில், அதாவது வாங்கிய கடன் தொகையில், கழிந்தது 4 லட்சத்து 13 ஆயிரம் மட்டும். மற்றதெல்லாம் வட்டி. இதைக் கேட்டதும் வங்கியைத் திட்டத் தோன்றும், ஆனால் அட்டவணை ஒவ்வொரு வரியும் சரியாகத்தான் இருக்கிறது. ஏன் இப்படி ஆகிறது என்பதுதான் இன்றைய விஷயம். எங்கள் பக்கம், இலங்கையின் கிழக்குக் கரையில் வாழைச்சேனையில் இருந்து பொத்துவில் வரைக்கும், பெண் பிள்ளைக்கு வீடு கொடுக்காமல் கலியாணப் பேச்சே தொடங்காது என்கிற நிலையில், இந்தக் கணக்கு தெரியாமல் கடன் பத்திரத்தில் கையெழுத்து வைக்கிற அப்பா அம்மாக்கள் நிறையப் பேர்.

அடிப்படை சாதாரண தரக் கணிதத்தில் படித்ததுதான், குறைந்து செல்லும் மீதிக்கு வட்டி. வருடம் 12 வீதம் என்றால் மாதம் 1 வீதம். மாத முடிவில் எவ்வளவு கடன் மிச்சமோ அதற்கு மட்டும் வட்டி. தவணைக் காசு வந்ததும் வங்கி முந்தி அந்த மாத வட்டியை எடுத்துக்கொள்ளும், மிஞ்சுவது முதல்தொகையில் கழியும். ஒவ்வொரு மாதமும் ஒரே தொகை கட்டி 240ஆவது தவணையோடு மீதி சைபர் ஆக வேண்டும் என்றால் அந்தத் தொகை எவ்வளவு? பெருக்கல் விருத்தியின் கூட்டுத்தொகைச் சூத்திரத்தில் போட்டால் 55,054 வரும். எக்செல்லில் போட்டாலும் அதுவே வரும். சரி, அதை விடுவோம். எனக்குப் பிடித்த இடம் அதற்குப் பிறகுதான் வருகிறது.

அட்டவணையின் முதல் மூன்று வரியைப் பாருங்கள். முதல் மாதம் 50 லட்சத்துக்கு 1 வீதம், வட்டி 50,000. முதலில் கழிவது 5,054. இரண்டாம் மாதம் வட்டி 49,949, முதலில் கழிவது 5,105. மூன்றாம் மாதம் வட்டி 49,898, முதலில் கழிவது 5,156. வட்டி நிரலைப் பார்த்தால் ஏதோ மெதுவாகத் தேய்கிறது என்று மட்டும்தான் தெரியும். முதல்தொகை கழிகிற நிரலை மட்டும் தனியாகப் பாருங்கள்: 5,054, 5,105, 5,156. ஒவ்வொன்றும் முந்தியதை விட சரியாக 1 வீதம் கூட. இது தற்செயல் இல்லை. போன மாதம் 5,054 ரூபா கடனை அழித்துவிட்டீர்கள், அந்த 5,054க்கு இந்த மாதம் வட்டி இல்லை, அதாவது 50 ரூபா 54 சதம் மிச்சம். தவணை மாறாததால் அந்த 50 ரூபா வேறெங்கும் போக வழியில்லாமல் முதலுக்குள் போய் விழுகிறது. அடுத்த மாதம் அந்த 50 ரூபாவும் தன் பங்குக்கு 50 சதம் மிச்சம் பிடிக்கிறது. நீங்கள் அழித்த முதல் உங்களுக்காகக் கூட்டு வட்டி உழைக்கத் தொடங்கிவிட்டது, அதுவும் வங்கி உங்களிடம் வாங்குகிற அதே 12 வீதத்துக்கு. கடன்காரனை மட்டும்தான் கூட்டு வட்டி தின்னும் என்று நினைக்கிறோம், இந்த ஒரு நிரலில் அது நம் பக்கம் நிற்கிறது.

பிரச்சினை என்னவென்றால் அது தொடங்குகிற இடம் மிகச் சிறியது. மாதம் 1 வீதம் வளர்கிற எதுவும் இரட்டிப்பாக 70 மாதம் எடுக்கும், ஆறு வருடத்துக்குக் கொஞ்சம் குறைவு. 5,054இல் தொடங்கி 71ஆம் மாதம் சுமார் 10,000, 141ஆம் மாதம் 20,000, 211ஆம் மாதம் 40,000, கடைசித் தவணையில் 54,509. பரிசோதனைக் குழாயில் பக்டீரியா பெருகுவதும் இதே வடிவம்தான், முக்கால்வாசி நேரம் ஒன்றும் நடக்காத மாதிரி இருக்கும், அப்புறம் திடீரென்று நிரம்பிவிடும். அதனால்தான் இந்தக் கடனில் பாதி, அதாவது 25 லட்சம், கழிய 15 வருடம் எடுக்கிறது. மற்றப் பாதி வெறும் 5 வருடத்தில் போய்விடும். 10 வருட முடிவில் 66 லட்சம் கட்டியிருப்பீர்கள், அப்போதும் 38 லட்சத்துக்கு மேல் மீதி இருக்கும்.

இன்னொரு வேடிக்கை. தவணையில் முதல்தொகைப் பங்கு வட்டிப் பங்கை எப்போது முந்தும்? 12 வீத வட்டியில், கடன் முடிய இன்னும் 69 மாதம் இருக்கும்போது. 15 வருடக் கடனோ 30 வருடக் கடனோ, அந்த 69 மாதம் மாறாது. காலத்தை நீட்டினால் நீள்வது முழுக்க முழுக்க அந்த முன்பகுதிதான், வட்டி ஆட்சி செய்கிற பகுதி. கூட்டு வட்டியை இன்னும் இன்னும் சின்ன இடைவெளியில் கணித்தால் என்ன ஆகும் என்று 1683இல் சுவிஸ் கணிதவியலாளர் ஜேக்கப் பேர்னூலி யோசித்தபோதுதான் 2.718 என்கிற எண் கணிதத்துக்குள் வந்தது. கதிரியக்கத் தேய்வின் அரைவாழ்வுக் காலத்தைக் கணிக்கிற அதே எண். உயர்தரத்தில் அந்த அரைவாழ்வுக் கணக்கை மனப்பாடமாகச் செய்துவிட்டு வந்தவர்கள் தங்கள் வீட்டுக்கடனுக்குள்ளும் அதே சங்கதி, மாறாத ஒரு இரட்டிப்புக் காலமாக, இருப்பதைக் கவனிப்பதில்லை.

"தவணை கூடவாக இருந்தால் 25 வருடம் ஆக்குவோமா?" என்று கடன் பகுதியில் அன்பாகக் கேட்பார்கள். ஆக்கினால் தவணை 52,661. மாதம் 2,393 ரூபா குறைகிறது, மொத்தத்தில் 26 லட்சம் அளவில் கூடக் கட்டுகிறீர்கள். 30 வருடம் என்றால் தவணை 51,431, மொத்தம் 185 லட்சம். நூறு வருடம் ஆக்கினாலும் 50,000க்குக் கீழே இறங்காது, ஏனென்றால் அது வெறும் வட்டி. மறுபக்கம், 20 வருடக் கடனில் முதல் மாதத்தில் இருந்தே 5,000 ரூபா கூட்டிக் கட்டினால் 15 வருடத்தில் கடன் முடிந்துவிடும், 24 லட்சம் அளவில் மிச்சம்.

இனி வட்டி வீதம் மாறினால் என்ன ஆகும் என்று பார்ப்போம். இது இலங்கையில் கதை இல்லை, கண்ணால் கண்டது. பல கடன்களில் முதல் சில வருடம்தான் நிலையான வட்டி, பிறகு ஏ.டபிள்யூ.பி.எல்.ஆர் என்று மத்திய வங்கி கிழமைக்குக் கிழமை வெளியிடுகிற வீதத்தோடு, அதாவது வங்கிகள் தங்கள் முதன்மை வாடிக்கையாளர்களுக்குக் கொடுக்கும் கடனின் சராசரி வட்டியோடு, சேர்ந்து ஏறி இறங்கும். அந்த வீதம் 2021 முடிவில் 9க்குள் இருந்தது, 2022 முடிவில் 27ஐத் தாண்டியது. இப்போது நம் 50 லட்சத்தை எடுங்கள். வட்டி 12இல் இருந்து 13 ஆகிறது, ஒரே ஒரு வீதம், ஆனால் தவணையை நீங்கள் அதே 55,054இலேயே வைத்திருக்கிறீர்கள். முதல் மாத வட்டி 54,167, முதலுக்குப் போவது 887 ரூபா. அந்த 887 இரட்டிப்பாகி இரட்டிப்பாகி 50 லட்சத்தை அழிக்க வேண்டும். 20 வருடக் கடன் 32 வருடக் கடனாகிவிடும். 14 வீதம் ஆனால்? வட்டி மட்டுமே 58,333. தவணை வட்டிக்கே போதாது, கடன் மாதா மாதம் வளரும், கணக்கின்படி ஒருநாளும் முடியாது. 12க்கும் முடிவிலிக்கும் இடையில் இருப்பது ஒன்றேகால் வீதம்தான்! எனக்கு இந்த இடத்தில் ஒவ்வொரு முறையும் உடம்பு சிலிர்க்கும், பயத்திலா ரசனையிலா என்று பிரித்துச் சொல்ல முடியாது. கேள்வி கேட்ட ஆசிரியைக்கு முதல் 5 வருடம் நிலையான வட்டி என்பதால் 2022ஐத் தப்பினார். இனி அவருக்கு மாறும் வட்டி. மீதி கொஞ்சம் குறைந்திருப்பதால் அவருடைய விளிம்பு, அதாவது 55,054 முழுவதும் வட்டிக்கே போய்விடுகிற இடம், 14.4 வீதம்.

நாள் பார்ப்பது பற்றி ஒன்று சொல்லியே ஆக வேண்டும். அத்திவாரத்துக்குச் சுபநேரம் பார்க்கிறோம், வாசல் எந்தப் பக்கம் என்று வாஸ்துக்காரருக்குக் காசு கொடுக்கிறோம், கிணற்றை இடம் மாற்றக்கூடத் தயாராக இருக்கிறோம். அது அவரவர் மனத்திருப்தி. ஆனால் 240 வரி உள்ள தவணை அட்டவணையை அச்சடித்துத் தாருங்கள் என்று வங்கியில் கேட்க வெட்கப்படுகிறோமே, அதுதான் எனக்கு விளங்குவதில்லை. குடும்பத்தின் இருபது வருடக் கிரகநிலை அந்தக் காகிதத்தில்தான் இருக்கிறது. வந்தாறுமூலையிலும் ஒலுவிலிலும் பல்கலைக்கழகங்கள் இருக்கின்றன, இந்தக் கரையோரக் குடும்பங்களின் வீட்டுக்கடனையும் நுண்கடனையும் வருடக்கணக்கில் தொடர்ந்து படிக்க அரசு ஒரு சின்ன நிதி ஒதுக்கினால் போதும், ஆய்வுகூடம் கூடத் தேவையில்லை, இரண்டு கணினியும் பொறுமையான நாலு மாணவரும் போதும்.

காத்தான்குடி, அக்கரைப்பற்று வாசகர்களில் வட்டிக்கே போகாதவர்கள் உண்டு. குறைந்து செல்லும் முஷாரகா என்கிற இஸ்லாமிய வங்கி முறையில் வீட்டில் வங்கியின் பங்கை நீங்கள் சிறிது சிறிதாக வாங்குகிறீர்கள், மிச்சப் பங்குக்கு வாடகை கொடுக்கிறீர்கள். ஒப்பந்தத்தின் தன்மையும் நட்டம் யாருக்கு என்பதும் வேறு, அதை மார்க்கம் படித்தவர்கள் சொல்லட்டும். மாதக் கொடுப்பனவு சமமாக வைக்கப்பட்டிருந்தால் அட்டவணையின் வடிவம் மட்டும் இதேதான், ஆகவே அவர்களும் கேட்டு வாங்குங்கள். தவணை முறையில் முச்சக்கரவண்டி எடுக்கிறவர்களுக்கும் ஒரு சொல். "12 வீதம்தான்" என்று சொல்லி முழுத் தொகைக்கும் 5 வருட வட்டியை முன்கூட்டியே போட்டுப் பிரித்தால், அது குறைந்து செல்லும் மீதிக் கணக்கில் 20 வீதத்தைத் தாண்டும்.

மொத்தம் 132 லட்சம் கட்டுகிறோம், 82 லட்சம் வட்டி என்று நெஞ்சில் அடித்துக்கொள்வதும் முழுதாகச் சரியில்லை. 20 வருடம் கழித்துக் கட்டப்போகிற 55,054 ரூபா இன்றைய 55,054 இல்லை. மத்திய வங்கி தனக்கு வைத்திருக்கும் பணவீக்க இலக்கு 5 வீதம். அப்படியே நடந்தால், அத்தனை தவணையையும் இன்றைய காசுக்கு மாற்றிக் கூட்டினால் 83 லட்சம் அளவில் வரும். 50க்கு 83, இதுதான் ஓரளவு நியாயமான விலை. அதோடு மதிப்பீட்டுக் கட்டணம், நொத்தாரிசு, பதிவு, காப்புறுதி எல்லாம் தனி. பணவீக்கம் எகிறினால் நிலையான வட்டிக்காரர்களுக்கு அடித்தது அதிர்ஷ்டம்: 2022 செப்டம்பரில் பணவீக்கம் 70 வீதம் வரை போனது, ஆயிரம் ரூபா சொச்சத்துக்கு விற்ற சீமெந்து மூடை மூவாயிரத்துக்கு வந்தது, பழைய தவணையோ அசையவில்லை. சம்பளமும் அசையாததால் அந்த அதிர்ஷ்டத்தை யாரும் உணரவில்லை என்பது வேறு கதை.

ஆசிரியையின் இரண்டாவது கேள்வி: கையில் 3 லட்சம் இருக்கிறது, நிலையான வைப்பில் போடவா, கடனில் கட்டவா? வைப்புக்கு 8 வீதம் தந்தாலும் அந்த வட்டியில் 2025 ஏப்ரலில் இருந்து 10 வீதம் வரி பிடிக்கிறார்கள். கடனில் கட்டினால் அது 12 வீதம் உழைக்கும், வரியும் இல்லை. அவசரத்துக்கு நாலைந்து மாதச் செலவுக் காசு வேறாக இருந்தால் கடனில் கட்டுங்கள். ஆனால் காசைக் கவுண்டரில் கொடுத்துவிட்டு வந்துவிட வேண்டாம். முதல்தொகையில் கழிக்கச் சொல்லி எழுத்தில் கொடுங்கள், முன்கூட்டிக் கட்டுவதற்குக் கட்டணம் உண்டா என்று கேளுங்கள், பிறகு முக்கியமான கேள்வி ஒன்று வரும்: தவணையைக் குறைக்கவா, காலத்தைக் குறைக்கவா? தவணையைக் குறைத்தால் மாதம் 3,600 ரூபா இறங்கும், 15 வருடத்தில் உங்கள் 3 லட்சம் போக மூன்றரை லட்சம் மிச்சம். காலத்தைக் குறைத்தால் தவணை அதே 55,054, கடன் 28 மாதம் முந்தி முடியும், 3 லட்சம் போக பன்னிரண்டரை லட்சம் மிச்சம். இரண்டும் வட்டி இதே 12இல் நின்றால். காலத்தைக் குறைக்கச் சொல்லுங்கள், புது அட்டவணையை அச்சில் வாங்கிக்கொண்டு வாங்க டீச்சர்.