வெண்புள்ளி மறைந்த பிறகுதான் கவனம் தேவை

மீனின் துடுப்பிலும் உடலிலும் உப்பைத் தூவியதுபோல வெண்புள்ளிகள் தெரிந்ததும் மருந்து விடுகிறோம். சில நாள்களில் புள்ளிகள் மறைகின்றன. நோய் தீர்ந்துவிட்டது என்று மருந்தை நிறுத்துகிறோம். அடுத்த சுற்றில் தொட்டி முழுவதும் நோய் பரவுவதற்கு இதுவே வழிவிடுகிறது.

வெண்புள்ளி நோயை உண்டாக்குவது இக்தியோஃப்திரியஸ் மல்டிஃபிலிஸ் என்ற ஒற்றைச்செல் ஒட்டுண்ணி. இது மீனின் மேல்தோலைத் துளைத்து உள்ளே புகுந்து, அங்குள்ள செல்களைத் தின்று, ஏறத்தாழ ஒரு மில்லிமீட்டர் வரை வளரும். நம் கண்ணுக்குத் தெரியும் புள்ளி அதுதான். அப்போது மீனின் தோலே அதற்குப் போர்வையாக இருப்பதால், தண்ணீரில் கலந்த மருந்து அதைத் தொடுவதில்லை.

முற்றியதும் அது தோலைக் கிழித்துக்கொண்டு வெளியேறுகிறது, புள்ளி மறைகிறது. வெளியேறியது சரளைக்கல்லிலோ செடியின் இலையிலோ ஒட்டிக்கொண்டு, தன்னைச் சுற்றிப் பசைபோன்ற உறையைச் சுரந்து, உள்ளே பிளந்துகொண்டே போகிறது. ஒன்று பல நூறாகிறது. சில வேளை ஆயிரத்தை எட்டுகிறது. உறையை உடைத்துக்கொண்டு வரும் குஞ்சு உயிரிகள் மீனைத் தேடி நீந்துகின்றன. வெதுவெதுப்பான நீரில் ஓரிரு நாள்களுக்குள் மீன் கிடைக்காவிட்டால் மடிந்துவிடும். உப்பு, ஃபார்மலின், மலகைட் கிரீன், செம்பு எதுவானாலும் முக்கியமாகத் தாக்குவது நீந்தித் திரியும் இந்தப் பருவத்தைத்தான். எல்லா ஒட்டுண்ணிகளும் ஒரே நேரத்தில் இப்பருவத்தை அடைவதில்லை என்பதால், புள்ளி மறைந்த பிறகும் மருந்தைத் தொடர வேண்டும்.

இந்தச் சுழற்சியின் வேகத்தை நீரின் வெப்பம் தீர்மானிக்கிறது. 25 டிகிரி செல்சியஸில் ஒரு வாரத்துக்குள் முடிவது, 10 டிகிரியில் பல வாரங்கள் இழுக்கும். ஹீட்டரால் நீரைச் சூடாக்கினால் ஒட்டுண்ணி விரைவில் வெளியே வந்து மருந்திடம் சிக்கும்; 30 டிகிரியில் அதன் பல வகைகளால் பெருக முடிவதில்லை. ஆனால் சூடான நீரில் ஆக்சிஜன் குறைவு, ஃபார்மலின் அதை இன்னும் குறைக்கும், நோயுற்ற மீனின் செவுளோ ஏற்கெனவே புண்பட்டிருக்கும். ஏர் பம்பை வலுவாக ஓடவிடாமல் இதைச் செய்யவே கூடாது. குளிர்நீர் மீன்களுக்கு இந்த முறை வேண்டாம்.

உண்மையான தடுப்பு புதிய மீன் வரும் நாளில் தொடங்குகிறது. உடலில் ஒரு புள்ளிகூட இல்லாத மீனின் செவுளுக்குள் ஒட்டுண்ணி இருக்கலாம். முன்பு நோயிலிருந்து பிழைத்த மீனுக்கு ஓரளவு எதிர்ப்புச் சக்தி உண்டு. அது சில ஒட்டுண்ணிகளைச் சுமந்துகொண்டே நலமாக நீந்தும். அந்தச் சில, கண்ணுக்குத் தெரியும் அளவு பெருக இரண்டு மூன்று சுற்றுகள் ஆகலாம். ஆகவே புதிய மீனை மற்ற மீன்களோடு சேர்க்குமுன் தனித்தொட்டியில் ஒரு வாரம் வைத்திருப்பது போதாது. வெப்பமண்டல மீன்களை 25 டிகிரி அளவில் மூன்று, நான்கு வாரங்கள் வைத்துப் பார்ப்பதே சரி. குளிர்ந்த நீரில் வைத்தால் சுழற்சி மெதுவாகி, நோயே இல்லை என்று நம்மை ஏமாற்றிவிடும்.

மீனைத் தாக்கும் வேறு ஒட்டுண்ணிகளான தட்டைப்புழுக்களுக்குக் கணக்கு வேறு. அவற்றில் செவுளில் வாழும் டாக்டைலோகைரஸ் முட்டையிடும். பிராசிகுவாண்டெல் என்ற புழுக்கொல்லி மருந்து புழுவைக் கொன்றாலும் முட்டையை அழிப்பதில்லை என்பதால், குஞ்சு பொரித்த பிறகு மறுபடி மருந்து தர வேண்டும்.

பெருந்தொட்டியில் வெண்புள்ளி நோய் வந்துவிட்டால், புள்ளி தெரியும் மீனை மட்டும் பிரித்தெடுப்பதில் பயனில்லை. ஒட்டுண்ணி ஏற்கெனவே அடித்தளத்தில் இருக்கிறது. தொட்டி முழுவதற்கும் மருந்து தந்து, சரளையைத் தினமும் குழாயால் உறிஞ்சிச் சுத்தம் செய்தால் ஒட்டியிருப்பவற்றில் ஒரு பகுதி வெளியேறும். செடியிலும் நத்தையின் ஓட்டிலும் உறைகள் ஒட்டி வரக்கூடும். அவற்றை மீன் இல்லாத வெதுவெதுப்பான நீரில் இரண்டு வாரம் வைத்த பின் சேர்க்கலாம்.

வலை, வாளி, குழாய் ஆகியவை தனித்தொட்டிக்குத் தனியாக இருக்கட்டும். ஈரத்தில் தொற்றும் இந்த ஒட்டுண்ணி முற்றிலும் உலர்ந்தால் பிழைக்காது. வலையை மடிப்புகள்கூடக் காயும்வரை வெயிலில் போடுங்கள். தினசரி வேலையைப் பெருந்தொட்டியில் முதலில் முடித்துவிட்டு, தனித்தொட்டியில் கடைசியாகக் கைவையுங்கள்.