நேரத்தை விற்கும் பெட்டி: வாங்குகிறவர் எங்கே?

கற்பனையாக ஒரு கருவி. இரண்டு பெட்டிகள், ஒன்று பூமியில், மற்றொன்று 4.2 ஒளியாண்டு தள்ளி, பிராக்சிமா சென்டாரி விண்மீனுக்குப் பக்கத்தில். இங்கே ஒருவர் தன் நேரத்தில் ஒரு மணியை விற்கிறார், அங்கே ஒருவர் வாங்குகிறார். இப்படி ஒன்றைக் கட்ட முடியுமா? விற்கும் பாதியைக் கட்டலாம், காகிதத்திலாவது. சிக்கல் வாங்கும் பாதியில்தான்.

நேரம் எல்லா இடத்திலும் ஒரே வேகத்தில் ஓடுவதில்லை. நிறை மிகுந்த ஒன்றின் ஈர்ப்பைப் பள்ளம்போல நினைத்துக்கொள்ளுங்கள், வெளியேற மேலேற வேண்டும். இந்த ஈர்ப்புக் குழியில் ஆழத்தில் இருக்கும் கடிகாரம் மெதுவாக ஓடும். சுமார் 20,200 கிலோமீட்டர் உயரத்தில் சுற்றும் ஜிபிஎஸ் செயற்கைக்கோள்களின் அணுக் கடிகாரங்கள், வேகத்தால் வரும் தாமதத்தைக் கழித்த பிறகும், தரையைவிட நாளுக்கு 38 மைக்ரோநொடி முந்தும். அதைச் சரிக்கட்டாவிட்டால் கைபேசி வரைபடம் நம்மை வேறெங்கோ கொண்டுபோய் நிறுத்திவிடும்.

ஆகவே விற்கிறவரின் பெட்டி, உள்ளே வெற்றிடமான ஓர் உருண்டை ஓடு. பந்தின் தோல்போல நிறை முழுவதும் ஓட்டில்தான். இதில் ஒரு வசதி உண்டு: உருண்டை ஓட்டின் உள்ளே எந்தப் பக்கமும் இழுப்பு இருக்காது, எல்லாத் திசை இழுப்பும் ஒன்றையொன்று அடித்துவிடும். ஆனாலும் அந்த இடம் ஈர்ப்புக் குழியின் அடிதான். உடல் நசுங்காமல் கடிகாரம் மட்டும் மெதுவாகும். வெளியே 10 மணி நேரம் போகும்போது உள்ளே 9 மணி நேரம் மட்டும் போக வேண்டும் என்றால், 10 மீட்டர் விட்டமுள்ள ஓட்டுக்குள் வியாழன் கோளின் நிறையில் மூன்றில் ஒரு பங்கை அடைக்க வேண்டும். அதைத் தாங்கி நிற்கும் பொருள் எதுவும் நம்மிடம் இல்லை. சரி, கதைதானே, விட்டுவிடலாம்.

ஓடு வேண்டாம் என்றால் வேகம் இருக்கிறது. வேகமாகப் பயணிக்கும் கடிகாரமும் மெதுவாகும். 1971-ல் ஹாஃபலே, கீட்டிங் என்ற இருவர் சீசியம் அணுக் கடிகாரங்களைப் பயணிகள் விமானங்களில் ஏற்றி உலகைச் சுற்றி வந்தார்கள். தரைக் கடிகாரங்களோடு ஒப்பிட்டபோது, கிழக்கே போனவை சுமார் 59 நானோநொடி பின்தங்கியிருந்தன. மேற்கே போனவை, பூமியின் சுழற்சிக்கு எதிராகப் போனதாலும் உயரத்தில் இருந்ததாலும், சுமார் 273 நானோநொடி முந்தியிருந்தன. இதையே பெரிதாக்குவோம். ஒளியின் வேகத்தில் 60 சதவீதத்தில் பிராக்சிமாவுக்குப் போய் உடனே திரும்பினால், பூமியில் 14 ஆண்டு கழிந்திருக்கும். பயணிக்கு 11.2 ஆண்டுதான். எரிபொருளைக் கணக்கில் சேர்க்காமல், கப்பலின் ஒவ்வொரு கிலோவையும் அந்த வேகத்துக்குக் கொண்டுவர மட்டும் 50 லட்சம் டன் டிஎன்டி வெடிப்புக்கு மேற்பட்ட ஆற்றல் வேண்டும்.

அந்த 2.8 ஆண்டு யாருக்குப் போனது? யாருக்கும் போகவில்லை. பூமியில் இருந்தவர் தன் 14 ஆண்டுகளை வழக்கமான வேகத்தில்தான் வாழ்ந்தார். அவருக்குக் கூடுதலாக ஒரு நொடிகூடச் சேரவில்லை. ஒருவர் இழந்தால் இன்னொருவருக்குச் சேர வேண்டும் என்ற விதி ஆற்றலுக்கு உண்டு, நேரத்துக்குக் கிடையாது. ஆகவே இந்த வியாபாரத்தில் கைமாறுவது நேரம் அல்ல, வயது வித்தியாசம்.

அதையும் நடுவழியில் எழுதிவைக்க முடியாது. கப்பல் நிற்காமல் பிராக்சிமாவைக் கடக்கும் அந்தக் கணத்தில் பூமியில் எத்தனை ஆண்டு ஆகியிருக்கும்? பூமிக்காரர் 7 என்பார். கப்பலில் இருப்பவர் கணக்குப் போட்டால் சுமார் 4.5 வரும். இரண்டும் சரி! தூரத்தில் இருக்கும் இருவருக்குப் பொதுவான ‘இப்போது’ கிடையாது என்பதுதான் ஐன்ஸ்டீனின் சார்பியல் கோட்பாடு சொல்வது. கப்பல் அங்கே நின்றாலோ பூமிக்குத் திரும்பினாலோதான் இரண்டு பேரேடுகளும் ஒத்துப்போகும்.

தொலைவில் இருக்கும் இரு துகள்களின் நிலைகளைப் பிணைக்கும் குவாண்டம் பின்னலை வைத்து உடனடியாகக் கணக்கு முடிக்கலாமே என்று சிலர் கேட்பார்கள். அதன் வழியாகச் செய்தி அனுப்ப முடியாது. ‘ஒரு மணி நேரம் அனுப்பியிருக்கிறேன், வந்ததா?’ என்று வானொலியில் கேட்டால், பதில் வர 8.4 ஆண்டு ஆகும்.