அரியலூர் மண்ணில் முட்டைக் கல் எப்படி விளைகிறது?

அரியலூர், பெரம்பலூர் மாவட்ட எல்லையோரக் கிராமம் ஒன்றிலிருந்து ஒரு வாசகர் இரண்டு படங்கள் அனுப்பியிருந்தார். ஊர்க் குளத்தை ஆழப்படுத்தியபோது, பொக்லைன் அள்ளிப்போட்ட மண்ணோடு ஏழெட்டு உருண்டைக் கற்கள் வந்திருக்கின்றன. ஒன்று தேங்காய் அளவு, இன்னொன்று பூசணிக்காய் அளவு. முதல் படத்தில் அவற்றைக் கழுவி, வரிசையாக வைத்து, மஞ்சள் குங்குமம் இட்டிருக்கிறார்கள். இரண்டாவது படத்தில் ஒரு கல் இரண்டாகப் பிளந்து கிடக்கிறது. கேள்வி ஒரே வரிதான்: "சார், இது டைனோசர் முட்டைதானே?"

இல்லை. ஆனால் டைனோசர் முட்டையைவிட எனக்குப் பிடித்த பொருள் அது.

2020 அக்டோபரில் பெரம்பலூர் மாவட்டம் குன்னத்திலும் இதேதான் நடந்தது. குளத்தில் மண் எடுத்தபோது உருண்டைக் கற்கள் கிடைத்தன. டைனோசர் முட்டை என்று செய்தி பரவியது, கூட்டம் கூடியது. நிலவியல் அறிந்தவர்கள் வந்து பார்த்து, அவை அம்மோனைட் என்ற கடல் உயிரியைச் சுற்றி உருவான கல் உருண்டைகள் என்று சொன்னார்கள். மத்தியப் பிரதேசத்தின் தார் மாவட்டத்தில் நடந்தது நேர் எதிர். பாட்லியா என்ற கிராமத்தில் காகர் பைரவர் என்று தலைமுறைகளாக வழிபட்டுவந்த உருண்டைக் கற்கள் உண்மையிலேயே டைனோசர் முட்டைகள் என்று 2023 டிசம்பரில் தெரியவந்தது. அங்கே சாமி முட்டையானது, இங்கே முட்டை கடற்பிராணியானது. உருவத்தை மட்டும் பார்த்து முடிவுக்கு வர முடியாது என்பதற்கு இரண்டுமே சாட்சி.

சரி, கடலே இல்லாத அரியலூருக்குக் கடற்பிராணி எப்படி வந்தது?

அரியலூர் மாவட்டத்துக்குத் தெற்கே கொள்ளிடம், வடக்கே வெள்ளாறு, நடுவே மருதையாறு. 2001இல் பெரம்பலூரிலிருந்து பிரிந்து, அடுத்த ஆண்டே மீண்டும் அதனுடன் சேர்க்கப்பட்டு, 2007 நவம்பரில் மறுபடி தனி மாவட்டம் ஆனது. வெளியூர்க்காரர்களுக்கு இந்தப் பெயர் மூன்று வகையில் தெரிந்திருக்கும். கங்கைகொண்ட சோழபுரம், சிமெண்ட் ஆலைகள், அப்புறம் 1956 நவம்பர் 23 அதிகாலையில் மருதையாற்று வெள்ளத்தில் நடந்த ரயில் விபத்து. ரயில்வே அமைச்சராக இருந்த லால் பகதூர் சாஸ்திரி பதவி விலகியது அந்த விபத்துக்குப் பிறகுதான்.

இந்தியாவின் கிழக்குக் கரை அண்டார்க்டிகாவிலிருந்து பிரிந்தபோது விளிம்பில் நிலம் விரிந்து தாழ்ந்தது. அப்படித் தாழ்ந்த பள்ளங்களில் ஒன்று காவிரிப் படுகை. ஏறத்தாழ 11 கோடி ஆண்டுகளுக்கு முன்பு அதற்குள் கடல் புகுந்தது. ஊட்டத்தூர், காரை, அரியலூர் என்று இன்று நாம் பேருந்தில் கடக்கும் ஊர்கள் அப்போது கடலடித் தரை. கடல் ஏறியது, வடிந்தது, மறுபடி ஏறியது. ஒவ்வொரு முறையும் ஓர் அடுக்கை விட்டுப்போனது. சேறு படிந்த இடம் களிப்பாறை ஆனது. சிப்பிகள் குவிந்த இடம் சுண்ணாம்புக்கல் ஆனது. அந்தச் சுண்ணாம்புக்கல்தான் இன்று லாரி லாரியாகச் சிமெண்ட் ஆலைக்குப் போகிறது. கல்லங்குறிச்சி என்றதும் மாவட்டத்துக்காரர்களுக்குக் கலியுக வரதராசப் பெருமாள் கோவில் நினைவுக்கு வரும். நிலவியலாளர்களுக்கு அது ஒரு சுண்ணாம்புப் பாறை அடுக்கின் பெயர். சில்லக்குடி, ஓட்டக்கோவில், கல்லமேடு, நின்னியூர் எல்லாமே இப்படிப் பாறைகளின் பெயர்களாக உலகம் சுற்றுபவை. 1860களிலேயே நிலவியலாளர் ஹென்றி பிளான்ஃபோர்டு இந்தப் பகுதியை அளந்து, பாறைகளை ஊட்டத்தூர், திருச்சிராப்பள்ளி, அரியலூர் என்று மூன்று தொகுதிகளாகப் பிரித்துவிட்டார். ஃபெர்டினாண்ட் ஸ்டோலிச்கா இங்கே கிடைத்த சிப்பிகளையும் அம்மோனைட்டுகளையும் வரைந்து, விவரித்து, பெரிய தொகுதிகளாக வெளியிட்டார்.

கங்கைகொண்ட சோழபுரத்துக் கோவிலைப் பார்க்கும்போதும் எனக்கு இந்தக் கடல்தான் ஞாபகம் வரும். கோவில் கருங்கல்லால் ஆனது. சுற்றிலும் இருப்பதோ வண்டலும் மணலும். கருங்கல் வேண்டுமென்றால் மேற்கே, பழைய கடற்கரையையும் தாண்டிப் போக வேண்டும். ராஜேந்திர சோழன் கொண்டுவந்த ஒவ்வொரு கல்லும் அந்தப் பழைய கடலின் எல்லைக்கு வெளியிலிருந்து வந்தது.

இனி, முட்டைக் கல்லுக்கு வருவோம்.

அம்மோனைட் என்பது கணவாயின் தூரத்துச் சொந்தம். கணவாய் மாதிரியே கைகளும் கண்களும் உண்டு. ஆனால் உடம்புக்கு வெளியே சுருள் சுருளாக ஓடு. ஓட்டின் உட்புறம் சின்னச் சின்ன அறைகள். கடைசி அறையில்தான் உயிரி குடியிருக்கும். மற்ற அறைகளில் காற்றும் கொஞ்சம் நீரும். அதை வைத்துத்தான் மிதப்பதும் தாழ்வதும்.

இப்படி ஒரு அம்மோனைட் செத்துக் கடலடிச் சேற்றில் விழுகிறது. மேலே மேலே சேறு படிந்து மூடுகிறது. சேறு என்றால் பெரும்பகுதி தண்ணீர்தான். களிமண் துகள்கள் ஒன்றையொன்று தொட்டும் தொடாமலும் இருக்க, இடைவெளி முழுவதும் கடல்நீர் நிற்கும். சில அங்குலம் கீழே போனாலே அங்கே ஆக்சிஜன் இல்லை. ஆக்சிஜன் இல்லையென்றால் அழுகாது என்று நினைக்க வேண்டாம். ஆக்சிஜனுக்குப் பதில் கடல்நீரில் உள்ள சல்பேட்டை எடுத்துக்கொள்ளும் பாக்டீரியாக்கள் அங்கே காத்திருக்கின்றன. சதையை அவை தின்னத் தின்ன இரண்டு பொருள்கள் வெளியேறுகின்றன. ஒன்று, அழுகிய முட்டை நாற்றம் அடிக்கும் ஹைட்ரஜன் சல்பைடு. இன்னொன்று, பைகார்பனேட்.

பைகார்பனேட்தான் கொத்தனார். கடல்நீரில் ஏற்கெனவே கால்சியம் இருக்கிறது. பைகார்பனேட் பெருகியதும் இரண்டும் சேர்ந்து கால்சைட்டாக, அதாவது சுண்ணாம்புப் பொருளாக, துகள்களுக்கு இடையே படிகின்றன. வெந்நீர்ப் பாத்திரத்தின் அடியில் வெள்ளையாக ஒட்டுகிறதே, அதே பொருள்தான். எங்கே சதை அழுகுகிறதோ அங்கேதான் பைகார்பனேட் மிகுதி. அங்கிருந்து எல்லாத் திசைகளிலும் ஒரே சீராகக் கசிந்து பரவுகிறது. தண்ணீரில் ஒரு சொட்டு மை விட்டால் பரவுவது போல. எல்லாத் திசையிலும் சமமாகப் பரவினால் கிடைக்கும் வடிவம் உருண்டை. அந்த உருண்டைக்குள் இருந்த சேறு கல்லாக இறுகிவிடுகிறது.

முட்டை வடிவம் எப்படி வந்தது? சேறு அடுக்கடுக்காகப் படிந்திருந்தால், அடுக்கின் வாட்டத்தில் நீர் எளிதாக ஊர்ந்துவிடும். அடுக்கைக் குறுக்காகத் துளைத்து மேலேறுவதுதான் கடினம். அதனால் கல் பக்கவாட்டில் கூடுதலாகவும் மேலும் கீழும் குறைவாகவும் வளர்கிறது. உருண்டை சற்று நசுங்கி முட்டையாகிறது. சேற்றின் தன்மைதான் கல்லின் உருவத்தைத் தீர்மானிக்கிறது. இதை முதல்முறை புரிந்துகொண்ட நாளில் நான் அன்றைய வேலையை எல்லாம் தள்ளிவைத்துவிட்டு, வீட்டில் இருந்த ஒரு கல்லைக் கையில் வைத்துத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே இருந்தேன்.

இதற்கு எவ்வளவு காலம் ஆகும்? லட்சக்கணக்கான ஆண்டுகள் என்றுதான் நெடுங்காலம் நினைத்தார்கள். ஜப்பானின் நகோயா பல்கலைக்கழக ஆய்வாளர்கள் 2015இல் வெளியிட்ட ஆய்வு அந்த எண்ணத்தைக் கலைத்தது. சிறிய சிப்பி ஒன்றைச் சுற்றி இப்படிக் கல் உருவாகச் சில வாரங்கள் முதல் சில மாதங்கள் போதும் என்று கணக்கிட்டார்கள். யோசித்தால் அது நியாயம்தான். கொத்தனாருக்குச் சுண்ணாம்பு தருவது சதை. சதை தீர்ந்தால் வேலை நின்றுவிடும். சதை எத்தனை நாள் தாங்கும்?

இந்த வேகத்தில்தான் அம்மோனைட்டின் அதிர்ஷ்டம் இருக்கிறது. மேலே நூற்றுக்கணக்கான மீட்டர் சேறு வந்து அழுத்துவதற்குள் கல் இறுகிவிட்டது. பிறகு எடை ஏறும்போது சுற்றியுள்ள சேற்றிலிருந்து தண்ணீர் பிழிந்து வெளியேறி, அது பழைய கனத்தில் ஒரு பங்காகச் சுருங்குகிறது. இறுகிய உருண்டை மட்டும் அசையாமல் நிற்கிறது. அதனால்தான் ஓடைக் கரையில் இப்படி ஒரு கல் பதிந்திருப்பதைப் பார்த்தால், மண் அடுக்குகள் அதன் மேலும் கீழும் வளைந்து ஓடும். மெத்தைக்குள் பந்து வைத்துத் தைத்த மாதிரி. உருண்டைக்கு வெளியே மாட்டிக்கொண்ட அம்மோனைட்டுகள் அப்பளமாக நசுங்கிவிட்டன. உள்ளே இருந்தவை 10 கோடி ஆண்டுகளுக்குப் பிறகும் கனம் குறையாமல் இருக்கின்றன.

ஹைட்ரஜன் சல்பைடு என்ன ஆனது? சேற்றில் இருந்த இரும்புடன் சேர்ந்து பைரைட் ஆனது. பித்தளை போல மின்னும் கனிமம் அது. மண்ணுக்குள் இருக்கும்வரை சாது. வெளியே வந்து காற்றும் மழையும் பட்டதும் துருவாகி, கூடவே கந்தக அமிலத்தையும் விடுகிறது. துரு கல்லின் தோலை மஞ்சளாக, செம்பழுப்பாக மாற்றுகிறது. அமிலம் சுண்ணாம்பைத் தாக்கி ஜிப்சமாக மாற்றுகிறது. காரைப் பக்கம் மழைநீர் அரித்த மேடுகளில் நடந்தால் வெயிலில் கண்ணாடிச் சில்லு போலப் பளபளக்கும் தகடுகள் காலில் மிதிபடும். அந்த ஜிப்சத்தில் ஒரு பங்கு என்றைக்கோ அழுகிய உயிர்களின் கணக்கு.

பெருமாள் வீடுகளில் பூஜையில் இருக்கும் சாளக்கிராமமும் இதே வழியில் பிறந்த கல்தான். நேபாளத்தின் கண்டகி நதியில் கிடைக்கும் அந்தக் கறுப்பு உருண்டைகளைப் பிளந்தால் சக்கரம் தெரியும். அந்தச் சக்கரம் அம்மோனைட். ஆகவே வாசகரின் ஊரில் குங்குமம் வைத்தவர்கள் மேல் எனக்கு வருத்தம் இல்லை. ஒரு விசேஷமான கல்லைக் கண்டதும் மரியாதை செய்யத் தோன்றியிருக்கிறது. என் கோபம் எல்லாம், இவற்றை முட்டை என்று சொல்லி, வீட்டில் வைத்தால் பணம் சேரும், நோய் தீரும் என்று விலை பேசும் ஆட்கள் மேல்தான். கல் ஊரைவிட்டுப் போனால் எந்த அடுக்கில் கிடைத்தது என்ற தகவலும் போய்விடும். அதற்கப்புறம் ஆய்வுக்கு அது உதவாது.

முட்டையா கல்லா என்று வீட்டிலேயே பார்க்க முடியுமா என்றால், எலுமிச்சைச் சாற்றை நம்ப வேண்டாம். கொஞ்சம் சுரண்டி, பொடியின் மேல் விட்டால் நுரைக்கும்தான். ஆனால் முட்டை ஓடும் கால்சைட், இதுவும் கால்சைட். இரண்டும் நுரைக்கும். பார்க்க வேண்டியது மேலே தனி ஓடு இருக்கிறதா என்பதைத்தான். டைனோசர் முட்டைக்கு ஓரிரு மில்லிமீட்டர் கனத்தில் தனியான ஓடு இருக்கும். உருப்பெருக்கியில் பார்த்தால் மூச்சுத் துளைகள் தெரியும். அப்புறம், ஒரே கூட்டில் உள்ள முட்டைகள் ஏறக்குறைய ஒரே அளவில் இருக்கும். உங்கள் படத்தில் தேங்காயும் பூசணியும் பக்கத்தில் பக்கத்தில் இருக்கின்றன.

அதற்காக அரியலூரில் டைனோசரே இல்லை என்று சொல்லிவிட மாட்டேன். கடல் பின்வாங்கிய காலத்தில் ஆறுகள் கொண்டுவந்த மணல்தான் கல்லமேட்டுப் பாறை. அதிலிருந்து கிடைத்த எலும்புகளை வைத்து யாதகிரி, அய்யாசாமி என்ற இரு ஆய்வாளர்கள் 1980களின் பிற்பகுதியில் ஒரு டைனோசரை விவரித்தார்கள். பெயர் புருகத்காயோசாரஸ். பெருத்த உடல் கொண்ட பல்லி என்று பொருள். கீழ்க்கால் எலும்பு மட்டுமே 2 மீட்டர் நீளம். உலகின் மிகப் பெரிய டைனோசர்களில் ஒன்று என்று பெயரெடுத்த அர்ஜென்டினோசாரஸின் கீழ்க்கால் எலும்பே சுமார் ஒன்றரை மீட்டர்தான். ஒருவேளை பூமியில் நடந்த மிகப் பெரிய விலங்கு நம் அரியலூரில் நடந்திருக்கலாம். ஒருவேளை என்றுதான் சொல்ல முடியும். ஏனென்றால் அந்த எலும்புகள் இன்று இல்லை. மழைக்காலத்தில், ஆய்வகம் போய்ச் சேருவதற்குள் பொடிந்துவிட்டன. அவற்றைச் சுற்றி எந்தப் பாக்டீரியாவும் கல் உறை கட்டித் தரவில்லை.

இதை எத்தனை முறை நினைத்தாலும் மனசு ஆறுவதில்லை. எலும்பைத் தோண்டிய இடத்திலேயே பசைக் கரைசல் ஊற்றி இறுக வைக்க வசதி இருக்க வேண்டும். மழையிலிருந்து காக்கப் பக்கத்திலேயே ஒரு கூரை வேண்டும். வருடம் முழுக்க அங்கேயே இருக்கும் இரண்டு ஆட்கள் வேண்டும். செயற்கைக்கோள் அனுப்பும் செலவோடு ஒப்பிட்டால் இது ஒன்றுமே இல்லை. அரியலூர் பக்கம் வாரணவாசியில் புதைபடிவ அருங்காட்சியகம் வந்திருப்பது எனக்கு உண்மையிலேயே மகிழ்ச்சி. அத்தோடு நிற்காமல், சுண்ணாம்புக்கல் சுரங்கத்தில் ஒவ்வொரு புதுப் பாறை முகம் வெட்டும்போதும் ஒரு நிலவியல் மாணவர் அங்கே நிற்க உதவித்தொகை தர வேண்டும். அந்தச் சுண்ணாம்புக்கல் நம் வீட்டுச் சுவர்களாகிக்கொண்டே இருக்கிறது, அதில் என்ன இருந்தது என்று பார்க்க ஆளில்லை.

வாசகரே, மீதமுள்ள கற்களை உடைக்க வேண்டாம். குளத்தின் எந்தக் கரையில், எத்தனை அடி ஆழத்தில், என்ன நிற மண்ணில் கிடைத்தன என்று எழுதிவையுங்கள். அளவு தெரிய ஒரு நாணயத்தைப் பக்கத்தில் வைத்துப் படம் எடுங்கள். பிறகு அந்தக் குறிப்போடு வாரணவாசிக்குத் தகவல் சொல்லுங்கள். ஏற்கெனவே பிளந்த அந்தக் கல்லைச் சாய்ந்த வெயிலில் பிடித்துப் பாருங்கள். நடுவில் ஒரு சுருள் தெரியும். சுருளுக்குள் குறுக்குச் சுவர்கள், சுவர்களுக்கு இடையே சர்க்கரை போல மின்னும் படிகங்கள். ஒரு காலத்தில் காற்று இருந்த அறைகள் அவை. வெளிச்சுற்றில் கடைசியாக, படிகம் இல்லாமல் மண் மட்டும் நிறைந்த ஒரு பெரிய அறை இருந்தால், அம்மோனைட் குடியிருந்தது அங்கேதான்.